செத்தவருக்கு என்ன பத்தியம்

மாமா செத்துப்போன வருடம் ஊருக்கே கிறுக்குப் பிடித்திருந்தது. மெர்டேக்கா, அதாவது சுதந்திரம், வரப்போகிறது என்று கடைக்குக் கடை கொடித்துணி, சைக்கிளுக்குச் சைக்கிள் வண்ணக் காகிதம். மலாக்காவில், காஜா பெராங்கில் எங்கள் வீட்டு வாசல் வழியாகப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் கையை வீசி வீசி அணிவகுத்துப் பழகுவார்கள். எல்லாருமே திடீரென்று கொஞ்சம் உயரமாகிவிட்டது போலத் தெரிந்தது எனக்கு. எங்கள் வீட்டில் மட்டும் அத்தை, என் மாமியார், சாப்பிடாமல் கிடந்தார்.

சாப்பிடாமல் என்றால் சுத்தமாக இல்லை. மாமா கடைசி ஒரு வருடம் குடித்த அதே உப்பில்லாக் கஞ்சியை, அதே பீங்கான் கிண்ணத்தில், காலையில் இரண்டு வாய், ராத்திரி இரண்டு வாய். அவ்வளவுதான். கெபாயாச் சட்டை தோளில் தொங்கியது. பேச்சும் அப்படித்தான், கேட்டதற்கு ஒரு வார்த்தை. முன்பெல்லாம் அத்தை வாயைத் திறந்தால் எதிர்வீட்டுக் கோழி வேலிக்கு அந்தப் பக்கம் ஓடும். இப்போது அந்தக் கோழி எங்கள் சமையலறை வரைக்கும் வந்து போனது. “மகராசி பின்னாலேயே போயிடுவா போலிருக்கு” என்று தெருவில் பேசிக்கொண்டார்கள். என் வீட்டுக்காரர் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுவார். தண்ணீர் மொண்டு ஊற்றும் சத்தத்தில் எனக்குத் தெரியாது என்று அவருக்கு நினைப்பு.

நான் அந்த வீட்டுக்கு வாக்கப்பட்டு வந்து அப்போது இரண்டு வருடம் ஆகியிருக்கும். என் அப்பாவுக்கு ஜாலான் துக்காங் எமாஸில் பிள்ளையார் கோயிலுக்குப் பக்கத்தில் சின்ன மளிகைக் கடை. வீட்டில் தமிழ், தெருவில் மலாய் என்று வளர்ந்தவள். வாக்கப்பட்டதோ மலாக்காச் செட்டிகள் வீட்டில். எப்போதோ தமிழ்நாட்டிலிருந்து கப்பலேறி வந்து, இந்த மண்ணிலேயே பெண்ணெடுத்து, மொழியைக் கடலில் விட்டாலும் சாமியை விடாத கூட்டம் அது. மாரியம்மனையே மலாயில்தான் வேண்டிக்கொள்வார்கள். அத்தையின் பேச்சில் முக்கால்வாசி மலாய், மிச்சம் தமிழ், போதாததற்குக் கை. இங்கே எல்லாவற்றையும் நான் தமிழாக்கித்தான் சொல்கிறேன். கையை மட்டும் எழுத முடியவில்லை.

மாமாவுக்கு இனிப்பு நீர் வியாதியும் ரத்தக் கொதிப்பும் சேர்ந்தே வந்தன. பெரிய ஆஸ்பத்திரியில் வெள்ளைக்கார டாக்டர் பத்தியம் எழுதிக் கொடுத்தார். உப்பு கூடாது, சீனி கூடாது, தேங்காய்ப்பால் கூடாது, தினமும் காலையில் நடக்க வேண்டும். அன்றிலிருந்து அத்தை எடுத்த அவதாரம் இருக்கிறதே! உப்பு ஜாடி பீரோவுக்குள் போனது. பீரோச் சாவி அத்தையின் சாரோங் முடிச்சுக்குள் போனது. எனக்கு ஒரு சிட்டிகை உப்பு வேண்டுமென்றால் கூட அத்தையின் இடுப்பிடம்தான் மனு கொடுக்க வேண்டும். வெள்ளைக்காரன் இந்த நாட்டைக் கூட அவ்வளவு கவனமாகக் காத்திருக்க மாட்டான்.

மாமா ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியதில்லை. கஞ்சியைக் குடிப்பார், வாயைத் துடைப்பார், விடிந்ததும் நடக்கக் கிளம்புவார். அத்தை வாசலில் நின்று பெருமையாகப் பார்ப்பார். “பாரு, என்னா பிரியமா நடக்கப் போறாரு” என்பார் என்னிடம். நானும் பாவம் மனுஷன் என்று நினைத்துக்கொள்வேன்.

சீனப் பெருநாள் முடிந்து கொஞ்ச நாளில் ஒரு விடியற்காலை, தூக்கத்திலேயே மாமாவின் மூச்சு நின்றுபோனது. முதல் நாள் சாயங்காலம் அவர் அத்தையிடம் ஒன்று கேட்டிருந்தார். நான் பக்கத்தில்தான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். “ஒரு வாய் அசாம் பெடாஸ் வச்சித் தர்றியா?” என்றார். அசாம் பெடாஸ் என்றால் புளியும் மிளகாயும் முட்டிக்கொள்ளும் மீன்குழம்பு. மலாக்காவில் அது இல்லாத வீடு கிடையாது. அத்தை கறாராக, “உடம்பு தேறட்டும், வச்சித் தரேன்” என்று சொல்லிவிட்டுக் கஞ்சிக் கிண்ணத்தை நகர்த்தினார். மாமா சிரித்துக்கொண்டே குடித்தார்.

அப்புறம் பழக்காலம் வந்தது, கூடவே பார்ச்சும் வந்தது. செத்தவர்களுக்குச் செட்டிகள் வைக்கும் படையல்தான் பார்ச்சு. என் பிறந்த வீட்டிலும் படையல் உண்டு. காக்காய்க்கு ஒரு உருண்டை வைத்துக் கூப்பிட்டு, அது வந்து கொத்தியதும் நாங்கள் பந்திக்கு உட்கார்ந்துவிடுவோம். இங்கே அப்படி இல்லை, சம்பந்தி விருந்துதான். சாமிப் படத்துக்கு முன்னால் போனவர்களுக்கு ஆளுக்கொரு வாழையிலை போட்டு, போனவர் ஆசையாக எதையெல்லாம் சாப்பிட்டாரோ அத்தனையையும் வைக்க வேண்டும். விளக்கேற்றிச் சாம்பிராணி போட்டுக் கும்பிட்டதும் திரையை இழுத்துவிட்டு, கதவையும் சாத்திக்கொண்டு, வீட்டிலிருக்கும் எல்லாரும் வெளியே போய்விட வேண்டும். நாம் பார்த்துக்கொண்டு நின்றால் அவர்கள் கூச்சப்பட்டுச் சாப்பிட மாட்டார்களாம். கொஞ்ச நேரம் கழித்துக் கதவைத் தட்டிவிட்டுத்தான் உள்ளே வர வேண்டும். அந்தத் தட்டுதல் எனக்கு ரொம்பப் பிடிக்கும், செத்தவர்களிடம் கூட இவர்களுக்கு எவ்வளவு மரியாதை என்று.

மாமாவுக்கு அதுதான் முதல் பார்ச்சு. முதல் நாளே என்ன வைப்பது என்று பேச்சு எழுந்தது.

“உப்பில்லாக் கஞ்சி. வேக வச்ச கீரை. அவ்ளோதான்” என்றார் அத்தை.

என் வீட்டுக்காரர் அதிர்ந்துபோனார். “அம்மா, செத்தவருக்கு என்னம்மா பத்தியம்?”

“டாக்டர் நிறுத்தச் சொல்லலையே.”

“டாக்டர் துரையே கப்பலேறப் போறாரு. அவரு போட்ட பத்தியம் மட்டும் இங்கியே குந்திக்கிட்டு இருக்கணுமா?”

மெர்டேக்கா அந்த வருடம் எல்லாருக்கும் எல்லா வாதத்துக்கும் உதவியது. எனக்குச் சிரிப்பு முட்டியது. அத்தை எழுந்து சமையலறைக்குப் போனார். பின்னாலேயே போனேன்.

அத்தை கஞ்சிக் கிண்ணத்தைக் கழுவிக்கொண்டிருந்தார். அது ஏற்கெனவே கழுவிய கிண்ணம். “உயிரோட கேட்டப்ப இல்லன்னேன்” என்றார், என்னைப் பார்க்காமலே. “இப்ப எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு இலையில வைப்பேன்? ஒரு வருஷம் பட்டினி போட்டு, பசியோட அனுப்புனவ நான். எனக்கு மட்டும் சோறு இறங்குமா?”

வாயாடி என்று பேர் வாங்கியவள் நான். அவர் கையிலிருந்த கிண்ணத்தை வாங்கித் துடைத்து வைத்தேன்.  இந்த மனுஷி தன்னைத்தானே தண்டித்துக்கொண்டு கிடக்கிறார், இதற்கு எந்த டாக்டரிடம் போய் மருந்து கேட்பது என்று தவித்துப்போனேன்.

மறுநாள் காலையில் பின்கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. திறந்தால் முச்சந்திக் காப்பிக்கடைச் சீன முதலாளி, தவுக்கே. கைவைத்த பனியனும் முக்கால் காற்சட்டையுமாக நிற்கிறார். கையில் கயிறு கட்டித் தொங்கவிட்ட பால்டின். அதில்தான் அவர்கள் காப்பி கட்டிக் கொடுப்பார்கள்.

“இலையில வச்சிடு” என்றார் மெதுவாக. “மாமியாருக்குத் தெரிய வேணாம்.”

“எதுக்கு?”

“தினமும் காலையில வந்து குடிப்பான். கெட்டிப்பால் காப்பி, காயா ஜாம் தடவுன ரொட்டி. இன்னிக்கு இல்லன்னா தேடுவான்ல.”

எனக்குப் புரியக் கொஞ்ச நேரம் பிடித்தது. காலை நடை! மாமா நடந்தது உண்மைதான். முச்சந்தி வரைக்கும் நடந்திருக்கிறார், உட்கார்ந்திருக்கிறார், திரும்பியும் நடந்துதான் வந்திருக்கிறார். டாக்டர் சொல்லை அவர் தட்டவே இல்லை. நான் டின்னை வாங்கி அலமாரிக்குள் ஒளித்தேன். டின்னைத் திருப்பி வாங்கிக்கொண்டுதான் போவேன் என்று தவுக்கே கிணற்றடியில் உட்கார்ந்துகொண்டார்.

உட்கார்ந்தாரோ இல்லையோ, வேலிக்கு அந்தப் பக்கமிருந்து மக்சிக் கூப்பிட்டார். அவர் பின்வீட்டு மலாய்க்காரம்மா, தலையில் எப்போதும் துண்டும் வாயில் எப்போதும் ஊர்க்கதையுமாக இருப்பவர். தட்டு போட்டு மூடிய கிண்ணம் ஒன்றை வேலிக்கு மேலாக நீட்டினார். திறக்காமலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. புளி வாசம், மிளகாய் வாசம், திருக்கை மீன் வாசம்.

“இலையில ஓரமா வச்சிடு” என்றார். “உன் அத்தை கண்ணுல படாம.”

“மக்சிக், நீங்களுமா?”

“நான் என்ன செய்ய? குழம்பு கொதிச்சா வேலியாண்ட வந்து நின்னுடுவான். மனுஷனை நிக்க வச்சிட்டு நாம திங்க முடியுமா?”

மூன்றாவதாக வந்தார் என் நாத்தனார், புக்கிட் பாருவிலிருந்து, கோணிப்பையோடு. அவர்கள் வீட்டுக் கொல்லையில் டுரியான் மரம் உண்டு. போன பழக்காலத்தில் மகள் வீட்டுக்குப் போகிறேன், மகள் வீட்டுக்குப் போகிறேன் என்று மாமா அடிக்கடி போனார். அப்பனுக்கு மகள் மேல் என்ன பாசம் என்று அத்தை கண் கலங்கினது கூட எனக்கு ஞாபகம் இருக்கிறது.

“அண்ணி, பெத்த மகளே இப்படிப் பண்ணலாமா?” என்றேன்.

“பெத்த மகளாச்சே, அதான் பண்ணினேன். அப்பா கேட்டா எப்படி இல்லன்னு சொல்றது?”

நான் டுரியானை அரிசிப் பானைக்குள் வைத்து மூடினேன். டுரியானை ஒளித்தவர்கள் யாரும் இந்த மலாக்காவில் இல்லை. அதன் வாடை பானைக்குள் இருந்துகொண்டே வீடு முழுக்கப் போய்ச் சேர்ந்தது. அந்த நேரம் பார்த்து என் வீட்டுக்காரர் திருடன் மாதிரி உள்ளே வந்து, காற்சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்தார். உப்புக்கடலை. கோயிலுக்குக் கூட்டிப்போன நாளிலெல்லாம் அப்பாவும் மகனும் கோயில் வாசலில் நின்று தின்றிருக்கிறார்கள்.

எனக்கு வந்ததே கோபம். ஏமாற்றிவிட்டாரே என்றல்ல. ஊரெல்லாம் கேட்டு வாங்கித் தின்ற மனுஷன், இதே வீட்டில் வேளாவேளைக்கு அடுப்பு பற்றவைத்த என்னிடம் ஒரு நாள், ஒரே ஒரு நாள், எதுவும் கேட்கவில்லையே. சீனாக்காரர் காப்பிக்கு ஆசைப்பட்டார், மலாய்க்காரம்மா குழம்புக்கு ஆசைப்பட்டார், கடலைக்காரன் கடலைக்குக் கூட ஆசைப்பட்டார். என் சாம்பாருக்காகப் பத்தியத்தை முறிக்க அவருக்கு மனசு வரவில்லை.

கோபத்தோடு கோபமாக ஒரு யோசனையும் வந்தது. பசியோடு அனுப்பினேன் என்று ஒருத்தி கஞ்சிக் கிண்ணத்தோடு செத்துக்கொண்டிருக்கிறாள். மாமா பசியோடு போகவில்லை என்பதற்குச் சாட்சி அத்தனையும் என் அலமாரியிலும் அரிசிப் பானையிலும் கிடக்கிறது. இதை ஒளித்து வைப்பதா? “கொண்டாங்க எல்லாத்தையும்” என்று எடுத்துப் போய் மாமாவின் இலையில் வரிசையாக வைத்தேன். வீட்டுக்காரர் என் கையைப் பிடித்து இழுத்தார். உதறிவிட்டேன்.

அத்தை கஞ்சிக் கிண்ணத்தோடு உள்ளே வந்தார். இலையைப் பார்த்தார். காப்பி டின்னைப் பார்த்தார். டுரியானைப் பார்த்தார்.

“யாரு வச்சது இதெல்லாம்?”

“வச்சது நான்தான் அத்தை. குடுத்தவங்க வெளிய இருக்காங்க.”

“கூப்பிடு.”

ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். நான் நடந்ததைச் சொன்னேன், ஒன்று விடாமல். அத்தையின் முகம் சிவந்துகொண்டே வந்தது. மாமாவின் படத்தின் பக்கம் திரும்பினார்.

“நடக்கப் போறேன்னு போனியே, மனுஷா. வாசல்ல நின்னு பார்த்தேனே, தினம் தினம். உனக்காக நானும் உப்பில்லாம தின்னேனே. நாக்கு செத்துப் போச்சே எனக்கு.”

அந்தக் குரலைக் கேட்டுப் பல மாதம் ஆகியிருந்தது. சமையலறையில் உலாத்திக்கொண்டிருந்த எதிர்வீட்டுக் கோழி சிறகடித்துக்கொண்டு ஓடியது. அந்தச் சத்தத்துக்கு நடுவே தவுக்கே ரொம்பப் பணிவாக, தன் பங்குக்கு ஏதாவது சொல்ல வேண்டுமே என்று, “கெட்டிப்பால் கொஞ்சமாத்தான் ஊத்துனேன்” என்றார்.

அத்தை அவரை ஏறிட்டுப் பார்த்தார். வாய் கோணியது. அழப்போகிறார் என்று நான் ஓரடி முன்னால் வைத்தேன். அத்தை சிரித்துவிட்டார். சின்னச் சிரிப்பில்லை, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுவரில் சாயும் சிரிப்பு. அது எல்லாருக்கும் தொற்றிக்கொண்டது. வீட்டுக்காரர் சிரித்துச் சிரித்து, இன்னும் கையிலேயே வைத்திருந்த கடலையைக் கொட்டிவிட்டார். சிரிப்புக்கு நடுவில் நாத்தனார் மட்டும் திடீரென்று உடைந்து அழுதார்.

“அப்ப நாங்கதான் அப்பாவைக் கொன்னுட்டோமாம்மா?”

சிரிப்பு அப்படியே நின்றது. அந்தக் கேள்வி எல்லார் மனசிலும் இருந்திருக்கிறது. அத்தை சாரோங் முனையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

“இல்லடி. முதல் தடவை காட்டப் போனப்பவே டாக்டர் எங்கிட்ட சொல்லிட்டாரு, ரொம்ப நாளைக்கு இல்லன்னு. நான்தான் உங்க யாருகிட்டயும் சொல்லல. பத்தியம் இருந்தா தள்ளிப்போவும்னு பிடிச்சுப் பார்த்தேன். தின்னுட்டு சாகல உங்கப்பன். நேரம் வந்துச்சு, போயிட்டாரு.”

இதைத் தனியாக ஒரு வருடத்துக்கு மேல் சுமந்திருக்கிறார். நாங்கள் சாவியைத்தான் பார்த்தோம். எனக்கு அந்த இடத்திலேயே அவர் காலில் விழ வேண்டும் போல் இருந்தது.

மக்சிக்குக்கு மௌனம் என்றால் ஆகாது. “கடைசி நாள் கூட நல்லாத்தான் சாப்பிட்டான்” என்றார். “சாயங்காலம் வேலியாண்ட வந்தான். அசாம் பெடாஸ் வச்சிருந்தேன். ரெண்டு தட்டு சோறு.”

அத்தை நிமிர்ந்தார். “அன்னிக்கா? அதுக்கப்புறம்தான வந்து எங்கிட்ட ஒரு வாய் கேட்டாரு. வயிறு முட்டத் தின்னுட்டா கேட்டாரு?”

“கேப்பான், கேப்பான்” என்றார் மக்சிக், பழைய கோபம் ஒன்று திரும்பியவராக. “ரெண்டு தட்டு தின்னவன் கையைக் கழுவிட்டு என்ன சொன்னான் தெரியுமா? நல்லாத்தான் இருக்கு, ஆனா எம்பொண்டாட்டி வைக்கிற மாதிரி வரலன்னான். எனக்கு எப்படி இருந்திருக்கும்?”

அத்தை கையிலிருந்த கஞ்சிக் கிண்ணத்தைப் பார்த்தார். பிறகு அதை என்னிடம் கொடுத்துவிட்டு, தலைமுடியை அள்ளி முடிந்தார்.

“மீன் மிச்சம் இருக்கா?” என்று மக்சிக்கைக் கேட்டார்.

பாதி மீன் இருந்தது. மக்சிக் ஓடிப்போய் எடுத்து வந்தார். மற்ற மூதாதையர்களின் இலைகளில் சோறு ஆறிக்கொண்டிருந்தது. அவர்களைக் காக்கவைத்துவிட்டு அத்தை அம்மிக்கு முன்னால் உட்கார்ந்தார். மிளகாயும் பெலாச்சான் என்ற இறால் கட்டியும் நசுங்கின, வீடே தும்மியது. சாரோங் முடிச்சை அவிழ்த்துச் சாவியை என்னிடம் எறிந்தார். “உப்பு எடுத்தா” என்றார். அந்தக் குழம்பு கொதித்த நேரம் முழுக்க நாங்கள் அடுப்பைச் சுற்றியே நின்றோம். சிரிக்க வேண்டும் போலவும் இருந்தது, அழ வேண்டும் போலவும் இருந்தது, பசி வேறு.

குழம்பை மாமாவின் இலையில் நடுவில் வைத்தார் அத்தை. கஞ்சிக் கிண்ணத்தையும் என்னிடமிருந்து வாங்கி, இலைக்குப் பக்கத்தில் வைத்தார். “முதல்ல கஞ்சி” என்று படத்தைப் பார்த்துச் சொன்னார். “அப்புறம் மத்தது.”

சாம்பிராணி போட்டோம், கும்பிட்டோம், திரையை இழுத்தோம், கதவைச் சாத்திக்கொண்டு வெளியே ரம்புத்தான் மரத்தடியில் போய் நின்றோம். வழக்கமாகப் பேசிக்கொண்டே கொஞ்ச நேரம் ஓடும். அன்று அத்தைக்கு இருப்புக்கொள்ளவில்லை. கதவைப் பார்ப்பார், எங்களைப் பார்ப்பார். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் காகிதக் கொடிகளோடு அணிவகுத்துப் போனார்கள், அதைக் கூடப் பார்க்கவில்லை. கடைசி வரிசை தாண்டுவதற்குள் விறுவிறுவென்று போய்க் கதவைத் தட்டிவிட்டார்.

“இன்னும் நேரமாகலியேம்மா” என்றார் வீட்டுக்காரர்.

“போதும், போதும். விட்டா தின்னுக்கிட்டே இருப்பாரு.”

உள்ளே போனதும் மாமாவின் இலைக்கு முன்னாலேயே உட்கார்ந்தார். சோற்றில் குழம்பை ஊற்றிப் பிசைந்தார்.  ஒரு வாய் வைத்தார். மென்றார். “உப்பு கொஞ்சம் தூக்கல்” என்றார். இன்னொரு வாய் வைத்தார். இலையில் இருந்த சோறு தீர்ந்ததும், தலையைத் தூக்காமலேயே என் பக்கம் கையை நீட்டி, “சோறு போடு” என்றார். நான் போட்டேன், கண் மறைத்ததில் பாதி தரையில் விழுந்தது.

அதற்குப் பிறகு அத்தை பல வருடம் இருந்தார். பார்ச்சுக்குப் பார்ச்சு மாமாவின் இலைக்குப் பக்கத்தில் உப்பில்லாக் கஞ்சி இருக்கும், முச்சந்தியிலிருந்து காப்பி டின்னும் வரும். இப்போது அவர்கள் இருவருக்கும் சேர்த்து இரண்டு இலை போடுகிறேன். கஞ்சிக் கிண்ணத்தை அத்தையின் இலைப் பக்கம்தான் வைக்கிறேன், நகர்த்திக் கொடுக்க வேண்டியவர் அவர் அல்லவா. மாமாவின் இலையில் மட்டும், யாரும் கேட்காமலேயே, ஒரு கிண்ணம் என் சாம்பார் வைத்துவிட்டுத் திரையை இழுக்கிறேன். அவர் சாப்பிட்டு முடிக்கும் வரைக்கும் நான் கதவைத் தட்டுவதில்லை.